ஜெனரல் வில்லியம் ஸ்லிம்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

பிரிட்டிஷ் ராணுவத் தளபதிகள் என்றதும் நம்மில் பலருக்கு வெலிங்டனோ மாண்ட்கோமரியோதான் நினைவுக்கு வருவார்கள். இரண்டாம் உலகப் போரில் பர்மா முனையில் 14-ஆவது ராணுவத்தை நடத்திய வில்லியம் ஸ்லிம்மின் பெயர் அதிகம் அடிபடுவதில்லை. ஆனால் அவருடைய போர் நடந்தது இம்பாலிலும் கோஹிமாவிலும், அதாவது நம் நாட்டு மண்ணில். அவருடைய படையிலும் பெரும்பான்மையினர் இந்தியர்கள். அவரைப் பற்றி வாசகர்கள் வழக்கமாகக் கேட்கும் கேள்விகளை இங்கே தொகுத்திருக்கிறேன்.

ஸ்லிம் யார், சுருக்கமாகச் சொல்ல முடியுமா?

வில்லியம் ஜோசப் ஸ்லிம் 1891 ஆகஸ்ட் 6 அன்று இங்கிலாந்தின் பிரிஸ்டல் நகரில் பிறந்தார். முதல் உலகப் போரில் இரண்டு முறை படுகாயம் பட்டார். 1942-இல் பர்மாவிலிருந்து ஜப்பானியரிடம் தோற்றுத் திரும்பிய படைக்குத் தலைமை தாங்கினார். 1944-இல் இம்பால், கோஹிமாவில் ஜப்பானியரைத் தடுத்து நிறுத்தி, 1945-இல் பர்மாவை மீட்டார். பிறகு பிரிட்டிஷ் ராணுவத்தின் உச்சப் பதவிக்கும், ஆஸ்திரேலியாவின் கவர்னர் ஜெனரல் பதவிக்கும் வந்தார். 1970 டிசம்பர் 14 அன்று லண்டனில் காலமானார்.

2011-இல் லண்டனில் உள்ள தேசிய ராணுவ அருங்காட்சியகம் பிரிட்டனின் மிகச் சிறந்த தளபதி யார் என்று வாக்கெடுப்பு நடத்தியபோது வெலிங்டனும் ஸ்லிம்மும் முதலிடத்தைப் பகிர்ந்துகொண்டார்கள்.

பிரிட்டிஷ் ஜெனரல்கள் எல்லாம் பிரபு வீட்டுப் பிள்ளைகள்தானே?

பலர் அப்படித்தான். பர்மாவில் ஸ்லிம்முக்கு மேலதிகாரியாக இருந்த அலெக்சாண்டர் ஒரு பிரபுவின் மகன். தென்கிழக்கு ஆசியாவின் உச்சத் தளபதி மவுண்ட்பேட்டன் அரச குடும்பத்து உறவினர். ஸ்லிம்மின் அப்பாவோ இரும்புச் சாமான் வியாபாரி. குடும்பம் பர்மிங்ஹாமுக்குக் குடிபெயர்ந்த பிறகு வியாபாரம் படுத்துவிட்டது. மகனைப் பல்கலைக்கழகத்துக்கு அனுப்ப வசதியில்லை.

அதனால் ஸ்லிம் ஏழைப் பிள்ளைகள் படிக்கும் ஒரு தொடக்கப் பள்ளியில் வாத்தியாராக வேலை பார்த்தார். பிறகு இரும்புக் குழாய் செய்யும் கம்பெனி ஒன்றில் குமாஸ்தா. பர்மிங்ஹாம் பல்கலைக்கழகத்தில் மாணவராக இல்லாமலேயே அங்கிருந்த அதிகாரிப் பயிற்சிப் படையில் எப்படியோ இடம் பிடித்தார். 1914 ஆகஸ்டில் போர் தொடங்கியதும் ராயல் வார்விக்ஷயர் ரெஜிமென்ட்டில் தற்காலிக செகண்ட் லெஃப்டினன்ட் பதவி கிடைத்ததற்கு அந்தப் பயிற்சிதான் காரணம். போர் வராமல் போயிருந்தால் அவர் அதிகாரியாகவே ஆகியிருக்க முடியாது.

சிப்பாய்கள் என்ன சாப்பிடுகிறார்கள், எதற்குப் பயப்படுகிறார்கள், வீட்டில் என்ன கஷ்டம் என்பதெல்லாம் அவருக்குப் புத்தகத்தில் படித்த செய்தி அல்ல. அவர்களைப் போன்றவர்கள் வாழ்ந்த ஏழைத் தெருக்களில்தான் அவர் பாடம் நடத்தினார். அவருடைய தலைமையைப் புரிந்துகொள்ள இதைத்தான் முதலில் தெரிந்துகொள்ள வேண்டும் என்று நினைக்கிறேன்.

இந்தியாவுக்கு எப்படி வந்தார்?

1915-இல் துருக்கியின் கல்லிப்போலியில் குண்டடி பட்டுச் சாகக் கிடந்தார். அந்தப் போர்முனையில்தான் 6-ஆவது கூர்க்கா ரைஃபிள்ஸ் வீரர்கள் போரிடுவதைப் பார்த்து வியந்தார். 1917-இல் மெசபடோமியாவில் (இன்றைய ஈராக்) மறுபடியும் காயம். போர் முடிந்ததும் பிரிட்டிஷ் ராணுவத்தை விட்டு இந்திய ராணுவத்துக்கு மாறிக்கொண்டார். அந்தக் காலத்தில் இவை இரண்டும் தனித்தனி ராணுவங்கள். சொந்தச் சொத்து இல்லாத அதிகாரி, சம்பளத்தை மட்டும் வைத்துக் காலம் தள்ளக்கூடிய இடம் இந்திய ராணுவம்தான். 1920-இல் அவர் விரும்பிய கூர்க்கா ரெஜிமென்ட்டிலேயே சேர்ந்தார். உருதுவும் நேபாளியும் கற்றுக்கொண்டு சிப்பாய்களிடம் அவர்கள் மொழியிலேயே பேசினார்.

பணத்துக்காகக் கதை எழுதினார் என்கிறார்களே?

உண்மை. மனைவி, இரண்டு பிள்ளைகள் என்று குடும்பம் ஆன பிறகு சம்பளம் போதவில்லை. ஆன்டனி மில்ஸ் என்ற புனைபெயரில் பத்திரிகைகளுக்குக் கதையும் கட்டுரையும் எழுதினார். பிற்காலத்தில் அவருடைய கட்டளைகள் யாருக்கும் குழப்பம் தராத எளிய வாக்கியங்களில் இருந்ததற்கு இந்தப் பழக்கமும் ஒரு காரணம் என்பது என் எண்ணம்.

1942 பர்மா பின்வாங்கலில் என்ன நடந்தது?

1942 மார்ச் நடுவில் ஸ்லிம் பர்மாவுக்கு வந்து சேர்ந்தபோது எல்லாமே கைமீறிப் போயிருந்தது. பிப்ரவரி 23 அன்று சிட்டாங் ஆற்றுப் பாலத்தை அவசரத்தில் தகர்த்ததில் 17-ஆவது இந்திய டிவிஷனின் (பல ஆயிரம் பேர் கொண்ட பெரிய படைப்பிரிவு) பெரும் பகுதி எதிரியின் பக்கமே மாட்டிக்கொண்டது. (அந்தச் சண்டையில் வயிற்றில் குண்டு பாய்ந்து பிழைத்த இளம் கேப்டன் ஒருவர், பிற்காலத்தில் குன்னூரில் வந்து குடியேறிய சாம் மானெக்ஷா.) மார்ச் 8 அன்று ரங்கூன் விழுந்தது. கடல் வழி அடைபட்டதால் புதுப் படையோ பொருளோ வர வழியில்லை. இப்படிப்பட்ட நிலையில் இரண்டு களைத்த டிவிஷன்களைச் சேர்த்து ஒரு கோர் ஆக்கி ஸ்லிம் கையில் கொடுத்தார்கள்.

அந்த இரண்டு டிவிஷன்களின் தளபதிகளான புரூஸ் ஸ்காட்டும் பன்ச் கோவனும் ஸ்லிம்மின் பழைய கூர்க்கா ரெஜிமென்ட்டுக்காரர்கள், நெடுநாள் நண்பர்கள். அந்த நெருக்கடியில் ஒருவர் மீது ஒருவர் பழி போடாமல் வேலை நடந்ததற்கு இந்த நட்பு பெரிய துணை.

ஏப்ரல் மாதக் கொடும் வெயிலில் யெனாஞ்சௌங் எண்ணெய் வயல்களை எதிரிக்குக் கிடைக்காதபடி கொளுத்த வேண்டியிருந்தது. அங்கே 1-ஆவது பர்மா டிவிஷன் தண்ணீரில்லாமல் சுற்றிவளைக்கப்பட்டது. உதவிக்கு வந்தது சீனாவின் 38-ஆவது டிவிஷன். அதன் தளபதி சுன் லிஜென்னிடம் தன் டாங்குகளையும் பீரங்கிகளையும் ஒப்படைத்து, அவரது பொறுப்பிலேயே விட்டார் ஸ்லிம். அந்தக் காலத்தில் ஒரு பிரிட்டிஷ் ஜெனரல் தன் டாங்குகளை ஆசியத் தளபதி ஒருவர் கையில் கொடுப்பது நினைத்துப் பார்க்க முடியாத காரியம். சுன் அந்த நம்பிக்கையைக் காப்பாற்றினார்.

ஏறத்தாழ 900 மைல் பின்வாங்கி, மே மாதத்தில், மழை தொடங்கிய வேளையில் இம்பால் வந்து சேர்ந்தார்கள். பிரிட்டிஷ் ராணுவ வரலாற்றிலேயே மிக நீண்ட பின்வாங்கல் இதுதான். உடுப்பு கிழிந்து, எலும்பும் தோலுமாக வந்தாலும் சிப்பாய்கள் துப்பாக்கியைக் கீழே போடாமல் அணிவகுத்தே வந்தார்கள் என்பதை ஸ்லிம் கடைசிவரை பெருமையாகச் சொன்னார்.

அதே பாதையில்தானே பர்மா தமிழர்களும் நடந்து வந்தார்கள்?

ஆமாம். படைக்கு முன்னும் பின்னும் பக்கத்திலும் லட்சக்கணக்கான இந்தியர்கள் நடந்து வந்தார்கள். ரங்கூன் துறைமுகத் தொழிலாளர்கள், வயல் கூலிகள், கடைக்காரர்கள், செட்டிநாட்டுப் பெட்டியடிகளில் (வட்டிக்கடைகளில்) வேலை பார்த்தவர்கள் என்று தமிழர்களும் தெலுங்கர்களும் வங்காளிகளும் ஒடியர்களுமாக வந்த கூட்டம் அது. காலராவும் அம்மையும் பசியும் வழியிலேயே பல்லாயிரம் பேரைக் கொண்டுபோயின. அவர்களை அழைத்துவர அரசாங்கம் முன்கூட்டியே எந்தத் திட்டமும் போட்டு வைக்கவில்லை. ஸ்லிம் படையின் பின்வாங்கலை எத்தனை பாராட்டினாலும், அதே சாலையில் கேட்பாரற்று விழுந்த சாதாரண மக்களை மறந்துவிட்டுப் பாராட்ட எனக்கு மனம் வரவில்லை.

தோற்ற தளபதியை ஏன் நீக்கவில்லை?

நீக்கப் பார்த்தார்கள். பிறகு கிழக்கு ராணுவத்தின் தளபதியான நோயல் இர்வினுக்கு ஸ்லிம்மைக் கண்டால் ஆகாது. இதற்கு ஒரு பின்கதை உண்டு. 1940 நவம்பரில் சூடான் எல்லையில் கல்லாபாத் சண்டையில் எசெக்ஸ் பட்டாலியன் ஒன்று கலைந்து ஓடியது. அதன் கமாண்டரை ஸ்லிம் நீக்கினார். இர்வின் அதே எசெக்ஸ் ரெஜிமென்ட்டைச் சேர்ந்தவர். இம்பாலுக்கு வந்து சேர்ந்த ஸ்லிம்மிடம் அவர் கடுமையாகப் பேசினார். இவ்வளவு மரியாதைக் குறைவாகப் பேசுகிறீர்களே என்று ஸ்லிம் கேட்டதற்கு, நான் மேலதிகாரி, என் பேச்சில் மரியாதைக் குறைவு என்று ஒன்று இருக்கவே முடியாது என்று பதில் வந்ததாம்.

1942 கடைசியில் இர்வின் பர்மாவின் மேற்கே அரக்கான் கரையில் தொடங்கிய தாக்குதல் மோசமாகத் தோற்றது. நிலைமை கெட்ட பிறகு, 1943 ஏப்ரலில்தான், அந்த முனையை ஸ்லிம்மிடம் தள்ளினார்கள். பிறகு பழியையும் அவர் மீதே போட்டு இர்வின் நீக்க முயன்றார். மேலிடம் இர்வினைத்தான் வீட்டுக்கு அனுப்பியது. நீக்கப்பட்டது நீங்களல்ல, நான்தான் என்று இர்வினே ஸ்லிம்முக்குத் தந்தி அடித்தார். அந்த நேர்மைக்காக அவரையும் குறிப்பிட வேண்டும். அக்டோபரில் ஸ்லிம் 14-ஆவது ராணுவத்தின் தளபதியானார்.

தோற்றுப்போன படையை எங்கிருந்து திருத்தத் தொடங்கினார்?

காய்ச்சலிலிருந்து. இது பலருக்கு வியப்பாக இருக்கும். ஆனால் என்னைக் கேட்டால் ஸ்லிம்மின் மிகப் பெரிய வெற்றி இம்பாலோ மாண்டலேயோ இல்லை, மலேரியாதான்.

1943-இல் காயம்பட்டு ஆஸ்பத்திரிக்குப் போன ஒவ்வொருவருக்கும் 120 பேர் நோயால் போனார்கள். மலேரியா மட்டுமே ஆண்டுக்குப் படையின் மொத்த எண்ணிக்கையில் 84 சதவீதம். முன்னணியில் இன்னும் அதிகம். இப்படியே போனால் ஜப்பானியர் ஒரு குண்டு கூடச் சுட வேண்டாம், சில மாதங்களில் ராணுவமே இல்லாமல் போய்விடும் என்று அவர் கணக்குப் போட்டார்.

நோயாளிகளைப் பல நூறு மைல் தாண்டி இந்தியாவின் உள்ளே அனுப்புவதை முதலில் நிறுத்தினார். அப்படிப் போனவர்கள் திரும்பி வர மாதக்கணக்கானது. அதற்குப் பதிலாக, போர்முனைக்குச் சில மைல் பின்னாலேயே கூடாரங்களில் மலேரியா சிகிச்சை முகாம்கள் வந்தன. காய்ச்சல் தொடங்கிய ஒரு நாளுக்குள் மருந்து, சில வாரங்களில் மறுபடி பணி. பலத்த காயம் பட்டவர்களை விமானத்தில் ஏற்றி அனுப்பினார்கள்.

அடுத்தது, மலேரியா வராமல் தடுக்க தினமும் ஒரு மெபாக்ரின் மாத்திரை. இதில்தான் சிக்கல். அந்த மாத்திரை தோலை மஞ்சளாக்கும். ஆண்மை போய்விடும் என்று வேறு ஒரு வதந்தி. பல சிப்பாய்கள் விழுங்குவதுபோல் பாவனை செய்துவிட்டுத் துப்பினார்கள். ஸ்லிம் திடீர் சோதனைக்கு ஏற்பாடு செய்தார். ஒரு யூனிட்டில் எல்லோருடைய ரத்தத்தையும் பரிசோதித்து, 95 சதவீதத்துக்குக் குறைவான பேர் மாத்திரை போட்டிருந்தால், அந்த யூனிட்டின் கமாண்டரை வேலையை விட்டுத் தூக்கினார். மூன்று பேரை மட்டும்தான் நீக்க வேண்டியிருந்தது, அதற்குள் மற்றவர்களுக்கு விஷயம் புரிந்துவிட்டது என்று பிறகு எழுதினார்.

தண்டனை யாருக்குப் போனது என்று பாருங்கள். மாத்திரையைத் துப்பியவன் சிப்பாய், பதவி போனது அதிகாரிக்கு. சிப்பாயின் உடம்புக்கு அதிகாரிதான் பொறுப்பு என்பது ஸ்லிம்மிடம் வெறும் பேச்சாக இருக்கவில்லை. 1945-இல் நோய் விகிதம் நாளொன்றுக்கு ஆயிரத்தில் ஒருவர் என்ற அளவுக்கு இறங்கியது.

சாப்பாடு, சாமான் எல்லாம் அந்தக் காட்டுக்குள் எப்படிப் போனது?

பெரும்பகுதி வானத்திலிருந்து விழுந்தது. ஜப்பானியரின் வழக்கமான தந்திரம், காட்டு வழியே சுற்றி வந்து பின்னால் சாலையை மறிப்பது. சாலை போனால் சாப்பாடு போகும், அதனால் படைகள் பதறிப் பின்வாங்கும். இனி சுற்றி வளைத்தாலும் நகராதீர்கள், இருந்த இடத்திலேயே நில்லுங்கள், விமானத்தில் சாமான் வரும் என்றார் ஸ்லிம். 1944 பிப்ரவரியில் அரக்கானில் ஒரு டிவிஷனின் நிர்வாக முகாமைச் சுற்றி நடந்த சண்டையில் இது முதல்முறையாகப் பெரிய அளவில் பலித்தது. குமாஸ்தாக்களும் சமையல்காரர்களும் கூடத் துப்பாக்கி பிடித்து நின்றார்கள். பட்டினி கிடந்தது சுற்றி வளைத்தவர்கள்தான்.

ஆனால் சாமான் போட பாராசூட் வேண்டுமே? பட்டு பாராசூட் ஐரோப்பாவுக்கே போதவில்லை. ஸ்லிம் தன் சப்ளை அதிகாரி ஸ்னெல்லிங்கைக் கல்கத்தா சணல் ஆலைகளுக்கு அனுப்பினார். சில வாரங்களில் சணலில் பாராசூட் தயாரானது. பட்டு பாராசூட் 20 பவுண்டுக்கு மேல், சணல் பாராசூட் ஒரு பவுண்டுக்குச் சற்று மேல். மனிதர் குதிக்க ஆகாது, அரிசி மூட்டைக்குத் தாராளமாகப் போதும். இத்தனை செய்ததற்கு, முறையான வழியில் கேட்டு வாங்கவில்லை என்று மேலிடத்திலிருந்து கண்டனம்தான் வந்தது.

சாலைக்கும் சணல்தான் கைகொடுத்தது. கல்லும் ஜல்லியும் கிடைக்காத இடங்களில், சாக்குத் துணியைத் தாரில் முக்கி, சமன்செய்த மண் மேல் ஓடு வேய்வதுபோல் ஒன்றன்மேல் ஒன்று படியுமாறு விரித்தார்கள். மழையிலும் லாரி ஓடியது. கலேவாவில் சிந்த்வின் ஆற்றின் மேல் 1,154 அடி நீளத்துக்குப் பெய்லி பாலம் (துண்டு துண்டாகக் கொண்டுவந்து பொருத்தும் இரும்புப் பாலம்) கட்டினார்கள். அப்போது உலகிலேயே நீளமான பெய்லி பாலம் அதுதான். காட்டுத் தேக்கை வெட்டி நூற்றுக்கணக்கில் படகுகளும் செய்தார்கள்.

முன்னணியில் ரேஷன் பாதியாகக் குறைந்தால், ஸ்லிம் தன் தலைமையகத்துக்கும் பாதி ரேஷன் என்று உத்தரவிட்டார். பசித்த வயிறு இருந்தால்தான் அலுவலகத்தில் இருக்கும் இளம் அதிகாரிகள் சாமான் அனுப்பும் வேலையை அவசரமாகச் செய்வார்கள் என்பது அவர் கணக்கு.

சிப்பாய்கள் அவரை அவ்வளவு நேசிக்கக் காரணம் என்ன?

உள்ளதை உள்ளபடி சொன்னார். ஜீப் பானெட் மேலோ பெட்டி மேலோ ஏறி நின்று, எவ்வளவு கஷ்டம் வரும், என்ன கிடைக்காது என்பதைத் தெளிவாகச் சொல்லிவிடுவார். ஐரோப்பாவுக்கே எல்லாம் போகிறது, நமக்கு மிச்சம்தான் வரும், அதை வைத்து ஜெயிப்போம் என்பார். வெற்றுச் சவடால் கிடையாது. அகன்ற தாடை, கூர்க்காத் தொப்பி, கனத்த உடம்பு. படையில் அங்கிள் பில் என்றே அழைத்தார்கள்.

அதிகாரிகளுக்கு அவர் வைத்த விதி ஒன்று உண்டு. உன் ஆட்கள் சாப்பிட்டார்களா, படுக்க இடம் கிடைத்ததா என்று நீயே நேரில் போய்ப் பார்க்காமல் நீ சாப்பிடக் கூடாது, தூங்கக் கூடாது, ஏன், உட்காரவே கூடாது.

ஜப்பானியரை வெல்லவே முடியாது என்ற பயத்தையும் அவர் பேச்சால் மட்டும் போக்க முயலவில்லை. சின்னச் சின்ன ரோந்துப் படைகளை அனுப்பி, தோற்க வாய்ப்பே இல்லாத மோதல்களை முதலில் ஏற்பாடு செய்தார். நூறு சொச்சம் பேர் கொண்ட ஒரு ஜப்பானியக் கம்பெனியைத் தாக்க, சில ஆயிரம் பேர் கொண்ட ஒரு பிரிகேட். இவ்வளவு பெரிய படை எதற்கு என்று கேட்டவர்களுக்கு, இப்போதைக்கு நமக்குத் தோல்வி கட்டுப்படியாகாது என்பதே பதில். சிப்பாய் ஒருவன் எதிரியின் முதுகைக் கண்ணால் பார்த்துவிட்டால் அப்புறம் சொற்பொழிவு தேவையில்லை.

பிரிட்டிஷ்காரர்கள் மீது எரிச்சலைக் கொட்டும் அமெரிக்க ஜெனரல் ஸ்டில்வெல் கூட, மற்றவர்கள் கீழ் வேலை செய்ய மறுத்துவிட்டு, ஸ்லிம் என்றால் சம்மதம் என்றார்.

இம்பால், கோஹிமா சண்டையில் அவர் தவறே செய்யவில்லையா?

செய்தார், அதை அவரே 1956-இல் வெளிவந்த தன் போர் நினைவு நூலில் எழுதியிருக்கிறார்.

1944 மார்ச்சில் ஜப்பானிய ஜெனரல் முடகுச்சி ஏறத்தாழ 85,000 பேருடன் இந்திய எல்லைக்குள் நுழைந்தார். அவரை இம்பால் சமவெளிவரை வரவிட்டு, தன் சப்ளை பக்கத்திலும் எதிரியின் சப்ளை தூரத்திலும் இருக்கும் இடத்தில் மோதுவது ஸ்லிம்மின் திட்டம். திட்டம் சரி. ஆனால் தெற்கே திடிம் சாலையில் இருந்த 17-ஆவது டிவிஷனைத் திரும்ப அழைக்கும் முடிவைக் கீழ்த் தளபதியிடம் விட்டதில் தாமதமாகிவிட்டது, அது வழியெல்லாம் சண்டை போட்டுத்தான் வர வேண்டியிருந்தது. கோஹிமா விஷயம் இன்னும் மோசம். அந்த மலைப்பாதை வழியே ஒரு ரெஜிமென்ட்டுக்கு மேல் வர முடியாது என்று நினைத்தார். வந்ததோ ஒரு முழு டிவிஷன்.

ஏப்ரல் தொடக்கத்தில் கோஹிமாவில் இருந்தது சுமார் 2,500 பேர். அதில் ஏறத்தாழ ஆயிரம் பேர் சண்டைக்காரர்களே அல்ல. இரண்டு வாரங்களுக்கு மேல், துணை ஆணையரின் டென்னிஸ் மைதானத்தின் இந்தப் பக்கம் இவர்கள், அந்தப் பக்கம் ஜப்பானியர் என்று நெருக்கமாக நின்றார்கள். குடிதண்ணீருக்கே திண்டாட்டம். நாகா மக்கள் வழிகாட்டினார்கள், உளவு சொன்னார்கள், காயம்பட்டவர்களைச் சுமந்தார்கள். அவர்கள் செய்த உதவியை ஸ்லிம் மிகுந்த நன்றியோடு பதிவு செய்திருக்கிறார்.

இந்தத் தவறுகளை ஈடுகட்டியது விமானம். அரக்கானில் இருந்த 5-ஆவது இந்திய டிவிஷனைத் துப்பாக்கி, பீரங்கி, கோவேறு கழுதை எல்லாவற்றோடும் இம்பாலுக்கு விமானத்தில் கொண்டுவந்தார்கள். அதற்கான விமானங்களை, சீனாவுக்குச் சாமான் கொண்டுபோகும் வேலையிலிருந்து மவுண்ட்பேட்டன் தன் பொறுப்பில் எடுத்துக் கொடுத்தார். ஜூன் 22 அன்று கோஹிமாவுக்கும் இம்பாலுக்கும் இடையே சாலை திறந்தது. ஜப்பானியரில் 30,000-க்கும் மேற்பட்டோர் இறந்தார்கள், அதில் பெரும்பாலோர் பசியாலும் நோயாலும். தன் சிப்பாய்களுக்குச் சோறு எங்கிருந்து வரும் என்று யோசிக்காமல் காட்டுக்குள் அனுப்பிய தளபதிக்கும், மாத்திரையைக்கூடக் கணக்குப் பார்த்த தளபதிக்கும் நடந்த போர் அது என்பேன்.

ராணுவக் கல்லூரிகளில் மெய்க்டிலாவைப் பாடமாக வைக்கிறார்களே, என்ன விசேஷம்?

1944 டிசம்பரில் ஸ்லிம் போட்டிருந்த திட்டம், ஐராவதி ஆற்றுக்கு மேற்கே உள்ள சமவெளியில் ஜப்பானியரை நசுக்குவது. எதிர்த் தளபதி கிமுரா அதற்கு இடம் கொடுக்காமல் ஆற்றுக்கு அப்பால் போய்விட்டார். போட்ட திட்டத்தைக் கட்டிக்கொண்டு அழாமல் சில நாட்களில் புதுத் திட்டம் போட்டார் ஸ்லிம். ஒரு கோர் மாண்டலே பக்கம் சத்தமாக ஆற்றைக் கடக்கும், எதிரியின் கவனம் முழுக்க அங்கே போகும். இன்னொரு கோர் வானொலி மௌனம் காத்து, காட்டுப் பள்ளத்தாக்கு வழியே தெற்கே இறங்கும். அந்தக் கோர் பழைய இடத்திலேயே இருப்பதாகக் காட்ட, போலித் தலைமையகம் ஒன்று பொய்ச் செய்திகளை அனுப்பிக்கொண்டே இருந்தது.

1945 பிப்ரவரி 14 அன்று பகான் அருகே நியாங்ஊவில் ஆற்றைக் கடந்தார்கள். மார்ச் முதல் வாரத்துக்குள், ஜப்பானியரின் சப்ளைக்கும் சாலைகளுக்கும் மையமான மெய்க்டிலா விழுந்தது. பின்னால் வேர் அறுபட்டதும் முன்னால் மாண்டலே நிற்கவில்லை, மார்ச் 20 அன்று அதுவும் வீழ்ந்தது. மே தொடக்கத்தில் ரங்கூன். கடல் வழியாகப் படை இறங்குவதற்குள் ஜப்பானியர் கிளம்பிவிட்டிருந்தார்கள். ரங்கூன் சிறையில் இருந்த கைதிகள் அந்தச் செய்தியைக் கூரை மேல் பெரிய எழுத்தில் எழுதி வைத்திருந்தார்கள்.

அந்தப் படையில் யார் யார் இருந்தார்கள்? தமிழர்கள் உண்டா?

கூர்க்காக்கள், பஞ்சாபிகள், பட்டாணியர், மராத்தியர், கர்வாலிகள், பிரிட்டிஷ்காரர்கள், கிழக்கு ஆப்பிரிக்கர், மேற்கு ஆப்பிரிக்கர் எல்லோரும் உண்டு. தமிழர்களும் உண்டு. பெங்களூரைத் தலைமையிடமாகக் கொண்ட மெட்ராஸ் சேப்பர்ஸ், அதாவது பாலம் கட்டும், சாலை போடும், கண்ணிவெடி எடுக்கும் பொறியியல் படைப்பிரிவு, பர்மா முனையில் வேலை செய்தது. இம்பால் சாலை அமைக்க அஸ்ஸாம் தேயிலைத் தோட்டத் தொழிலாளர்களும் ஆயிரக்கணக்கில் வந்தார்கள். ஸ்லிம் வரலாறு என்று எழுதும்போது இவர்கள் பெயரெல்லாம் வருவதில்லை, ஆனால் இவர்கள் இல்லாமல் ஒரு லாரியும் நகர்ந்திருக்காது.

எதிர்ப்பக்கம் நேதாஜியின் படை (இந்திய தேசிய ராணுவம், ஐ.என்.ஏ.) இருந்ததே, ஸ்லிம் அதை எப்படிப் பார்த்தார்?

மதிக்கவில்லை. போர்த்திறன் குறைந்த படை என்றே எழுதினார். சரணடைய வந்த ஐ.என்.ஏ. வீரர்களை இந்திய, கூர்க்காச் சிப்பாய்கள் சில சமயம் உயிரோடு பிடிக்க விரும்பவில்லை என்றும், அவர்களைச் சற்று அன்பாக நடத்தும்படி உத்தரவிட வேண்டியிருந்தது என்றும் சொல்கிறார்.

இந்த இடத்தில் ஸ்லிம்மின் பார்வை குறுகியது என்பது என் கருத்து. மலேயா ரப்பர் தோட்டங்களிலிருந்து ஐ.என்.ஏ.வில் சேர்ந்த தமிழ்த் தொழிலாளிக்கு, கேப்டன் லட்சுமியின் ஜான்சி ராணி ரெஜிமென்ட்டில் சேர்ந்த தமிழ்ப் பெண்ணுக்கு, பயிற்சியும் ஆயுதமும் குறைவாக இருந்திருக்கலாம், காரணம் குறைவாக இல்லை. நியாங்ஊ கரையில் ஸ்லிம் படையை எதிர்த்து நின்றது குர்பக்ஷ் சிங் தில்லனின் நேரு பிரிகேட்தான். ஆற்றின் இரு கரையிலும் இந்தியர்கள். ஒரு தளபதியாக ஸ்லிம் எதிரியின் துப்பாக்கிகளை எண்ணினார், அது அவர் வேலை. ஏன் அவர்கள் அந்தக் கரையில் நின்றார்கள் என்ற கேள்வி அவரை அதிகம் தொடவில்லை.

வெற்றிக்குப் பிறகும் பதவியை விட்டு எடுக்கப் பார்த்தார்களாமே?

ஆமாம், ரங்கூன் விழுந்த அதே வாரத்தில். மேல் தளபதி ஆலிவர் லீஸ், மலேயாப் படையெடுப்புக்கு வேறு ஒருவர் தலைமை தாங்கட்டும், நீங்கள் பர்மாவில் மிச்ச வேலையைப் பாருங்கள் என்றார். ஸ்லிம் கத்தவில்லை, அந்தப் பதவி வேண்டாம், ஓய்வு பெறுகிறேன் என்றார். செய்தி கசிந்ததும் படை முழுக்கக் கொந்தளிப்பு. லண்டனிலும் டெல்லியிலும் கேள்வி எழுந்தது. கடைசியில் பதவியை இழந்தது லீஸ்தான். அவர் இடத்துக்கு ஸ்லிம்மே வந்தார்.

போருக்குப் பிறகு என்ன செய்தார்?

ஓய்வு பெற்றுப் பிரிட்டிஷ் ரயில்வே நிர்வாகத்தில் சேர்ந்தார். 1948-இல் ராணுவத் தலைமைப் பதவி காலியானபோது, அந்தப் பதவியை விட்டு விலகவிருந்த மாண்ட்கோமரி தனக்குப் பிடித்த ஜெனரல் கிராக்கரிடம் நீங்கள்தான் என்று சொல்லியே விட்டார். பிரதமர் அட்லி, சொன்னதைத் திரும்பப் பெறச் சொல்லிவிட்டு ஸ்லிம்மை நியமித்தார். 1949-இல் ஃபீல்ட் மார்ஷல். 1953 முதல் 1960 வரை ஆஸ்திரேலிய கவர்னர் ஜெனரல்.

ஆஸ்திரேலியாவில் அவர் மீது குற்றச்சாட்டு உண்டு என்பது உண்மையா?

உண்மை. பிரிட்டனிலிருந்து அனுப்பப்பட்டு மொலாங் ஊரின் ஃபேர்பிரிட்ஜ் பண்ணைப் பள்ளியில் வளர்ந்த சிலர், கவர்னர் ஜெனரலாக அங்கே வந்த ஸ்லிம் சிறுவர்களாக இருந்த தங்களிடம் தகாத முறையில் நடந்துகொண்டார் என்று, அவர் இறந்து பல ஆண்டுகளுக்குப் பிறகு சொன்னார்கள். அவர் குடும்பம் மறுத்தது. நீதிமன்ற விசாரணை எதுவும் நடக்கவில்லை. கான்பெராவில் அவர் பெயரில் இருந்த சாலைக்கு வேறு பெயர் வைத்துவிட்டார்கள். போர்க்களப் புகழைக் காட்டி இந்தக் குற்றச்சாட்டை ஒதுக்கித் தள்ளுவது சரியில்லை. யாருக்கும் குரல் இல்லாத நிலையில் வளர்ந்த பிள்ளைகள் அவர்கள். ஸ்லிம்மைப் பற்றிப் பேசும் எந்தப் பக்கத்திலும் இதுவும் இருக்க வேண்டும்.

நேரில் போய்ப் பார்க்க என்ன இருக்கிறது?

லண்டன் வைட்ஹால் சாலையில், பாதுகாப்பு அமைச்சகத்துக்கு வெளியே அவர் சிலை இருக்கிறது. 1990-இல் ராணி திறந்துவைத்தார். ஆனால் நமக்குப் பக்கம் கோஹிமா. டென்னிஸ் மைதானம் இருந்த அதே மலைச்சரிவில் போர்க் கல்லறை உள்ளது, 1,420 பேர் அங்கே புதைக்கப்பட்டிருக்கிறார்கள். மேல்தட்டில், எரியூட்டப்பட்ட 917 இந்து, சீக்கிய வீரர்களுக்குத் தனி நினைவுச் சின்னம் இருக்கிறது. அதை நிறையப் பேர் பார்க்காமலேயே திரும்பிவிடுகிறார்கள், தவறவிடாதீர்கள். இம்பாலில் இரண்டு கல்லறைகளும், செங்குன்று அடிவாரத்தில் அமைதி அருங்காட்சியகமும் உண்டு. ரங்கூன் பக்கம் போகிறவர்கள் டாக்யான் கல்லறையில் ஏறத்தாழ 27,000 பெயர்கள் பொறித்த தூண்களைப் பார்க்கலாம். நாகாலாந்துக்குள் போக வெளிமாநிலத்தவர்கள் இன்னர் லைன் பெர்மிட் எடுக்க வேண்டும். ஆன்லைனிலேயே விண்ணப்பிக்கலாம்.